ஐயம்பேட்டை நிலம் வந்தவாசிப் பக்கம் போனது எப்படி?

ஜி.பி.எஸ். எண்ணில் ஒரு புள்ளி படுத்தும் பாடு

காஞ்சிபுரம் மாவட்டம் ஐயம்பேட்டையிலிருந்து ஒரு வாசகர் எழுதியிருக்கிறார். வீட்டில் பட்டுத்தறி, ஊருக்கு வெளியே ஒரு ஏக்கர் நிலம். கிணற்றில் தண்ணீர் குறைந்துவிட்டதால் கத்தரிக்குச் சொட்டுநீர் போடலாம் என்று மானியம் கேட்டு விண்ணப்பித்திருக்கிறார்.

"வயலில் நின்று பார்த்த ஒருவர் 12°48'36", 79°46'48" என்று தாளில் குறித்துக் கொடுத்தார். கணினி மையத்தில் கொடுத்தேன். அந்தத் தம்பி 12.4836, 79.4648 என்று ஏற்றினார். ஒரு மாதம் கழித்து, 'இந்த இடம் உங்கள் கிராமத்தில் இல்லை' என்று விண்ணப்பம் திரும்பி வந்துவிட்டது. தாளில் இருந்த எண்ணைத்தானே ஏற்றினார்? எங்கள் தாத்தா காலத்திலிருந்து நிலம் அங்கேயேதான் இருக்கிறது" என்று கேட்கிறார்.

(அவருடைய வயலைக் காட்டிக்கொடுக்க வேண்டாம் என்பதற்காக எண்களைச் சற்று மாற்றியிருக்கிறோம். ஆனால் இந்த எண்களும் அந்தப் பக்கத்து எண்கள்தான்.)

12.4836, 79.4648 என்பதைக் கூகுள் மேப்பில் தட்டிப் பார்த்தோம். திருவண்ணாமலை மாவட்டத்தில், வந்தவாசிக்கும் சேத்துப்பட்டுக்கும் இடையே போய் நிற்கிறது. ஐயம்பேட்டையிலிருந்து நேர்கோட்டில் சுமார் 50 கிலோமீட்டர். கோப்பைப் பார்த்த அதிகாரி திருப்பி அனுப்பியதில் தப்பு சொல்ல முடியாது. தாளில் இருந்த இலக்கங்களில் ஒன்றுகூட மாறவில்லை என்று வாசகர் சொல்வதும் உண்மை. இரண்டு பேர் சொல்வதும் சரி, நிலம் மட்டும் பாலாற்றைத் தாண்டிப் போய்விட்டது!

இன்றைக்குச் சொட்டுநீர், பண்ணைக்குட்டை, நூறு நாள் வேலையில் வெட்டிய குட்டை, தொகுப்பு வீடு என்று எதற்குப் போட்டோ எடுத்தாலும் அதோடு இடத்தின் எண்ணும் சேர்ந்து போகிறது. நூறு நாள் வேலைத் திட்டப் பணிகளை இப்படி 'ஜியோ டேக்' செய்வது 2016-லிருந்தே நடக்கிறது. ஆகவே இந்த எண்ணைப் படிக்கத் தெரிந்துகொள்வது, சிட்டாவைப் படிக்கத் தெரிந்துகொள்வது மாதிரிதான்.

தறியில் உட்கார்ந்தவர்களுக்கு இதைச் சொல்லிப் புரியவைப்பது சுலபம். பூமியின் மேல் ஒரு புடவையைப் போர்த்தியதாக நினைத்துக்கொள்ளுங்கள். வடக்கு தெற்காக ஓடும் பாவு இழைகள் தீர்க்கரேகை. கிழக்கு மேற்காகப் பாயும் ஊடை இழைகள் அட்சரேகை. எத்தனையாவது பாவு, எத்தனையாவது ஊடை என்று இரண்டு எண்ணைச் சொல்லிவிட்டால் புட்டா விழும் இடம் தெரிந்துவிடும். வயலும் ஒரு புட்டாதான். பூமத்திய ரேகையிலிருந்து வடக்கே எவ்வளவு என்பது முதல் எண். லண்டன் பக்கத்தில் உள்ள கிரீனிச்சிலிருந்து கிழக்கே எவ்வளவு என்பது இரண்டாவது எண். காஞ்சிபுரத்துக்கு இது ஏறக்குறைய 12°50' வடக்கு, 79°42' கிழக்கு.

எண்ணுக்கு மேலே இருக்கும் சின்ன வட்டம் டிகிரி. ஒற்றைக் கீற்று நிமிடம். இரட்டைக் கீற்று விநாடி. ஜாதகம் கணிப்பவர்கள் இதையே பாகை, கலை, விகலை என்பார்கள். பெயர் எதுவானாலும் கணக்கு ஒன்றே: 60 விநாடி ஒரு நிமிடம், 60 நிமிடம் ஒரு டிகிரி.

சிக்கலே இந்த அறுபதில்தான் இருக்கிறது. நிலக் கணக்கில் நமக்குப் பழக்கமானது நூறு. ஒரு ஏக்கருக்கு 100 சென்ட். ஒரு ஹெக்டேருக்கு 100 ஏர். சிட்டாவில் 0-40.50 என்று இருந்தால் அதை 0.4050 ஹெக்டேர், ஏறத்தாழ ஒரு ஏக்கர் என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்வோம். அங்கே கோட்டை எடுத்துவிட்டுப் புள்ளி வைத்தால் போதும், கணக்கு சரியாக வரும். அந்தக் கைப்பழக்கத்தில்தான் கணினி மையத்துத் தம்பியும் கீற்றுகளை எடுத்துவிட்டுப் புள்ளி வைத்துவிட்டார்.

நேரக் கணக்கில் நாம் யாரும் இப்படி ஏமாறுவதில்லை. பஸ் 6.30-க்கு என்றால் ஆறரை மணி என்று குழந்தைக்கும் தெரியும். அங்கே புள்ளிக்குப் பிறகு வரும் 30, நூற்றில் முப்பது இல்லை, அறுபதில் முப்பது. பஞ்சாங்கத்தில் நாழிகையும் அப்படித்தான்: 60 விநாழிகை ஒரு நாழிகை, 60 நாழிகை ஒரு நாள். பம்ப் செட் 6 மணி 30 நிமிடம் ஓடியது, மணிக்கு 80 ரூபாய் வாடகை என்றால் 6.30-ஐ 80-ஆல் பெருக்குவீர்களா? ஆறரையால்தான் பெருக்குவீர்கள். 504 ரூபாய் வராது, 520 ரூபாய் வரும். டிகிரியும் மணி மாதிரிதான், சென்ட் மாதிரி கிடையாது. இதை மனதில் போட்டுக்கொண்டால் மீதி வெறும் வகுத்தல்.

நிமிடத்தை 60-ஆல் வகுக்க வேண்டும். விநாடியை 3600-ஆல் வகுக்க வேண்டும். இரண்டையும் டிகிரியோடு கூட்ட வேண்டும். வாசகரின் முதல் எண்ணைப் போட்டுப் பார்ப்போம்.

12°48'36"
48-ஐ 60-ஆல் வகுத்தால் 0.8
36-ஐ 3600-ஆல் வகுத்தால் 0.01
12 + 0.8 + 0.01 = 12.81

இரண்டாவது எண் 79°46'48". 46-ஐ 60-ஆல் வகுத்தால் 0.76667. 48-ஐ 3600-ஆல் வகுத்தால் 0.01333. கூட்டினால் 79.78. ஆக, படிவத்தில் ஏற வேண்டியது 12.81, 79.78. ஏறியது 12.4836, 79.4648. வடக்கு தெற்கில் 36 கிலோமீட்டர், கிழக்கு மேற்கில் 34 கிலோமீட்டர் பிசகு.

செல்போனில் உள்ள சாதாரண கால்குலேட்டரே இதற்குப் போதும். விநாடியை 60-ஆல் வகுத்து, வந்ததோடு நிமிடத்தைக் கூட்டி, மறுபடி 60-ஆல் வகுத்து, டிகிரியைக் கூட்டினாலும் அதே விடைதான் வரும். சிலருக்கு இது இன்னும் சுலபம்.

திருப்பிப் போடவும் தெரிந்திருக்க வேண்டும். 12.81 என்று இருக்கிறது, படிவத்தில் டிகிரி, நிமிடம், விநாடி கேட்கிறார்கள் என்றால் புள்ளிக்குப் பின்னால் உள்ள 0.81-ஐ மட்டும் எடுத்து 60-ஆல் பெருக்குங்கள். 48.6 வரும். 48 நிமிடம். மீதி 0.6-ஐ மறுபடி 60-ஆல் பெருக்கினால் 36. அது விநாடி. சிலர் 12.81-ஐப் பார்த்து '12 டிகிரி 81 நிமிடம்' என்று எழுதிவிடுகிறார்கள். 81 நிமிடம் என்று ஒன்று கிடையாது. 59-க்கு மேல் போனாலே அது அடுத்த டிகிரி.

ஒரு டிகிரி, ஒரு நிமிடம் என்றால் தரையில் எவ்வளவு தூரம்? நம் ஊர்ப் பக்கம் வடக்கு தெற்காக ஒரு டிகிரி சுமார் 110.6 கிலோமீட்டர். கிழக்கு மேற்காக 108.5 கிலோமீட்டர்; பாவு இழைகள் துருவத்தை நோக்கிப் போகப் போக நெருங்குவதால் இது கொஞ்சம் குறைவு. ஒரு நிமிடம் 1.8 கிலோமீட்டர். ஒரு விநாடி சுமார் 30 மீட்டர். ஒரு ஏக்கர் நிலம் சதுரமாக இருந்தால் ஒரு பக்கம் கிட்டத்தட்ட 64 மீட்டர், அதாவது இரண்டு விநாடிதான். 'விநாடிதானே, போகட்டும்' என்று விட்டுவிட்டால் உங்கள் புள்ளி பக்கத்து ஏரிக்குள் விழலாம். காஞ்சிபுரம் மாவட்டத்தில் ஏரிக்கா பஞ்சம்!

இந்த இடத்தில் காஞ்சிக்காரர்கள் எல்லாரும் கேட்டிருக்கும் ஒரு செய்தியைச் சொல்ல வேண்டும். காளஹஸ்தி, காஞ்சி ஏகாம்பரநாதர், சிதம்பரம் ஆகிய மூன்று கோயில்களும் ஒரே தீர்க்கரேகையில், 79°41'-ல் இருக்கின்றன என்று வாட்ஸ்அப்பில் அடிக்கடி வருகிறது. நிமிடம் வரை பார்த்தால் உண்மைதான், வியப்பான விஷயமும்கூட. ஆனால் ஒரு நிமிடம் என்பதே 1.8 கிலோமீட்டர் அகலமுள்ள பட்டை. மூன்றும் அந்தப் பட்டைக்குள் இருக்கின்றன, அவ்வளவுதான். காஞ்சிக்கும் சிதம்பரத்துக்கும் இடையே கிழக்கு மேற்கில் அரை கிலோமீட்டருக்கும் மேல் வித்தியாசம் உண்டு. இதே செய்தியைச் சிலர் '79.41 டிகிரி' என்று எழுதிப் பரப்புகிறார்கள். அப்படி எழுதினால் மூன்று கோயில்களையும் சேர்த்து 30 கிலோமீட்டர் மேற்கே தூக்கி வைத்ததாக ஆகிவிடும்.

இந்த டிகிரிக் கணக்கை இந்தியாவில் முறையாக அளக்கத் தொடங்கியதே நமக்குப் பக்கத்தில்தான். 1802 ஏப்ரலில் வில்லியம் லாம்டன் பரங்கிமலை அருகே சங்கிலி போட்டு ஏழரை மைல் நீளக் கோடு ஒன்றை அளந்தார். அந்தக் கோட்டிலிருந்து முக்கோணம் முக்கோணமாகப் பிடித்துக்கொண்டு போய்த்தான் பின்னாளில் இமயமலை வரைக்கும் அளந்தார்கள். கோணம் பார்க்க அவர் வைத்திருந்த தியோடலைட் கருவி ஏறக்குறைய அரை டன் எடை. 1808-ல் தஞ்சைப் பெரிய கோயிலில் அதை உயரே தூக்கும்போது கயிறு அறுந்து, கருவி சுவரில் மோதிவிட்டது. டிகிரிக் கோடு போட்ட வட்டம் நெளிந்துபோனது. வேறு யாராக இருந்தாலும் லண்டனுக்கு எழுதிப்போட்டுவிட்டு உட்கார்ந்திருப்பார்கள். லாம்டன் ஆறு வாரம் போல அதோடு மல்லுக்கட்டி, வட்டத்தை நிமிர்த்தி மறுபடி வேலைக்குக் கொண்டுவந்தார்.

அப்படிப்பட்டவர்கள் அளந்தும் ஒரு பிசகு தங்கிவிட்டது. அந்த நில அளவையின் தீர்க்கரேகைகள் எல்லாம் சென்னை வானாய்வுக் கூடத்தை வைத்துக் கணக்கிடப்பட்டவை. அந்தக் கூடம் 80°17'21"-ல் இருப்பதாக எடுத்துக்கொண்டிருந்தார்கள். பிற்பாடு தந்தி வந்து, கிரீனிச் நேரத்தோடு ஒப்பிட்டுப் பார்க்க வழி கிடைத்ததும், அதில் சுமார் 2 நிமிடம் 27 விநாடி கூடுதல் என்று தெரிந்தது. தரையில் அது 4 கிலோமீட்டருக்கும் மேல். பழைய வரைபடங்களின் ஓரத்தில் 'தீர்க்கரேகையில் இவ்வளவு கழித்துக்கொள்ளவும்' என்று குறிப்புப் போட்டு விற்றார்கள். ஊர்கள் எதுவும் நகரவில்லை. ஒன்றுக்கொன்று உள்ள தூரமும் சரியாகத்தான் இருந்தது. எல்லாமே ஒட்டுமொத்தமாகத் தள்ளி எழுதப்பட்டிருந்தன. இந்த 2'27"-ஐ தசமத்தில் எழுதினால் 0.0408 டிகிரி. 0.0227 என்று எழுதியிருந்தால் பிசகைத் திருத்தப் போய் அதில் பாதியை அப்படியே விட்டிருப்பார்கள்.

நம் கைக்கடிகாரத்தில்கூட இந்தக் கணக்கு இருக்கிறது. இந்திய நேரம் 82°30' தீர்க்கரேகையை வைத்து ஓடுகிறது. பூமி ஒரு மணிக்கு 15 டிகிரி சுற்றுகிறது. 82°30' என்றால் 82.5, அதை 15-ஆல் வகுத்தால் 5.5, அதாவது கிரீனிச்சைவிட ஐந்தரை மணி நேரம் முன்னால். காஞ்சிபுரம் 79.7 டிகிரி. வித்தியாசம் 2.8 டிகிரி, டிகிரிக்கு 4 நிமிடம். அதனால்தான் நம் ஊரில் சூரியன் உச்சிக்கு வருவது சராசரியாகப் பன்னிரண்டு அடித்து 11 நிமிடம் கழித்து.

எழுதும் முறை இந்த இரண்டோடு நின்றிருந்தால் பரவாயில்லை, மூன்றாவதாக ஒன்றும் உண்டு. டிகிரி முழு எண்ணாக இருக்கும், நிமிடத்தில் புள்ளி இருக்கும், விநாடியே இருக்காது. 12°48.6' என்று வரும். கையில் பிடிக்கும் பல ஜி.பி.எஸ். கருவிகளிலும் மீன்பிடிப் படகுகளிலும் இந்த முறைதான். இதற்கு 48.6-ஐ 60-ஆல் வகுத்தால் போதும், அதே 12.81 வந்துவிடும். இதை 12°48'6" என்று எடுத்துக்கொண்டால் வயல் முக்கால் கிலோமீட்டருக்கும் மேல் தெற்கே போய்விடும்.

நமக்கு மானியம் தாமதமாகும், அவ்வளவுதான். கடலில் நிலைமை வேறு. 1974-ல் இந்தியாவும் இலங்கையும் பாக் நீரிணையில் எல்லை வகுத்த ஒப்பந்தத்தில், புள்ளிகள் டிகிரியிலும் நிமிடத்திலும்தான் எழுதப்பட்டிருக்கின்றன. முதல் புள்ளி 10°05' வடக்கு, 80°03' கிழக்கு. தசமத்தில் அது 10.0833, 80.05. யாராவது 10.05, 80.03 என்று கருவியில் ஏற்றினால் எல்லைப் புள்ளி நான்கு கிலோமீட்டருக்கும் மேல் தள்ளிப்போகும். நடுவில் உள்ள சுழியத்தை விட்டுவிட்டு 10.5 என்று போட்டால் வடக்கே 46 கிலோமீட்டர். படகில் போகிறவனுக்கு அது சிறைக்கும் வீட்டுக்கும் உள்ள தூரம்.

இனி வயலுக்கு வருவோம். தசமத்தில் புள்ளிக்குப் பின் எத்தனை இலக்கம் வேண்டும்? இரண்டு இலக்கம் மட்டும் கொடுத்தால் ஒரு கிலோமீட்டருக்குள்தான் அடையாளம் தெரியும். நான்கு இலக்கம் என்றால் 11 மீட்டர். ஐந்து என்றால் ஒரு மீட்டர். வாசகரின் எண்ணில் 12.81 என்று கச்சிதமாக வந்தது நாம் எடுத்துக்கொண்ட எண்ணின் ராசி, அதை 12.81000 என்று எழுதுவதுதான் முறை. பத்து இலக்கம் காட்டுகிற செயலிகளைப் பார்த்து மயங்க வேண்டாம். சாதாரண செல்போன் திறந்த வெளியிலேயே சில மீட்டர் முன்பின்னாகத்தான் காட்டும். தென்னை, மாமரத்தடியில் நின்று எடுத்தால் இன்னும் மோசம். வயலின் நடுப்பக்கம், வானம் தெரியும்படி நின்று, போனைத் திறந்தவுடன் எடுக்காமல் ஒரு நிமிடம் பொறுத்து எடுங்கள். வரப்பில் நின்று எடுத்தால் புள்ளி பக்கத்து வயலில் விழ வாய்ப்பு உண்டு.

கூகுள் மேப்பில் உங்கள் வயலின் மேல் விரலை அழுத்திப் பிடித்தால் ஒரு சிவப்பு முனை விழும். மேலே தேடும் கட்டத்தில் எண் வரும். அது பெரும்பாலும் தசமத்திலேயே வருவதால் நேராக எழுதிக்கொள்ளலாம், வகுக்க வேண்டிய வேலையே இல்லை. முதலில் வருவது அட்சரேகை, அடுத்தது தீர்க்கரேகை. தமிழ்நாட்டுக்குள் முதல் எண் 8-லிருந்து 13-க்குள் தொடங்கும். இரண்டாவது எண் 76-லிருந்து 80-க்குள் தொடங்கும். இரண்டையும் மாற்றி ஏற்றினால் என்ன ஆகும் என்று பார்த்தோம். ஐயம்பேட்டைக் கத்தரித் தோட்டம் நார்வே நாட்டுக்குச் சொந்தமான ஸ்வால்பார்ட் தீவில், பனிக்கரடி உலவும் இடத்துக்குப் போய்ச் சேர்ந்தது.

ஏற்றிய எண் சரியா என்று சந்தேகம் வந்தால் புள்ளிக்குப் பின்னால் பாருங்கள். சரியாக நான்கு இலக்கம் இருந்து, முதல் இரண்டும் 60-க்குக் கீழே, அடுத்த இரண்டும் 60-க்குக் கீழே என்றால், கீற்றை எடுத்துவிட்டுப் புள்ளி வைத்த எண்ணாக அது இருக்கலாம். 4836, 4648 இரண்டுமே அப்படித்தான் இருக்கின்றன. நல்ல எண்களும் சில நேரம் இப்படி அமைவதுண்டு, ஆகவே இது சந்தேகம்தான், தீர்ப்பு இல்லை. தீர்ப்புக்கு ஒரே வழி, விண்ணப்பத்தில் ஏற்றும் எண்ணை அனுப்பும் பொத்தானை அழுத்துவதற்கு முன்னால் மேப்பில் தட்டி, நம் வயலில் விழுகிறதா என்று கண்ணால் பார்ப்பது. கணினி மையத்திலேயே, உங்கள் எதிரிலேயே பார்க்கச் சொல்லுங்கள். அரை நிமிட வேலை.

ஐயம்பேட்டை வாசகர், சரியான எண்ணோடு வயலில் நின்று எடுத்த போட்டோவையும் இணைத்துத் திருத்தம் கேட்டு மனுக் கொடுக்கலாம். மனுவில் பழைய எண், புதிய எண் இரண்டையும் எழுதி, 'டிகிரி-நிமிடம்-விநாடியைத் தசமமாக மாற்றாமல் பதிந்துவிட்டதால் ஏற்பட்ட பிழை' என்று ஒரு வரி சேர்த்தால் பார்ப்பவருக்கு உடனே விளங்கும். ஒப்புகைச் சீட்டை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.

இதே விஷயமாக வந்த வேறு இரண்டு கேள்விகளுக்கும் இங்கேயே பதில் சொல்லிவிடுகிறோம்.

எங்கள் எண்ணில் விநாடியிலும் புள்ளி இருக்கிறது: 12°48'36.4". இதை எப்படி மாற்றுவது?

அதே வழிதான். 36.4-ஐ 3600-ஆல் வகுத்தால் 0.01011. கூட்டினால் 12.81011. அந்த .4 விநாடி தரையில் 12 மீட்டர் என்பதால் விட்டுவிடாதீர்கள்.

புலப்படத்தில் இந்த எண் எதுவும் இல்லையே? பக்கத்து நிலத்துக்காரருடன் வரப்புத் தகராறு இருக்கிறது. போனில் எடுத்த எண்ணை வைத்து எல்லையைக் காட்டலாமா?

புலப்படம் அட்சரேகை, தீர்க்கரேகையைப் பார்த்து வரைந்தது இல்லை. வயலில் நட்ட கல்லிலிருந்து கல்லுக்கு எத்தனை மீட்டர், நடுக்கோட்டிலிருந்து பக்கவாட்டில் எத்தனை மீட்டர் என்றே அதில் இருக்கும். பழைய படங்களில் சங்கிலிக் கணக்கில் இருக்கும். போனில் வரும் எண் உங்கள் வயல் எந்த இடத்தில் இருக்கிறது என்று சொல்லும். வரப்பு ஒரு முழம் அந்தப் பக்கமா, இந்தப் பக்கமா என்று சொல்லுமளவுக்கு அதற்குத் துல்லியம் கிடையாது. அதற்கு நில அளவைக் கட்டணம் கட்டி, சர்வேயரை வரவழைத்து, இரண்டு தரப்பும் நிற்கும்போது கல்லிலிருந்து அளப்பதுதான் வழி.